வெள்ளையம்மாவின் டீவி விரதம்

ஏழரைக்கு இரண்டு நிமிடம் இருக்கும்போது வெள்ளையம்மா ரிமோட்டை எடுத்துத் தொடையில் இரண்டு தட்டுத் தட்டுவாள். அதன் பின்மூடி உடைந்து வெகுநாளாகிறது. பேட்டரி கீழே விழாமல் இருக்க, மரத்தில் காய்ந்த ரப்பர் ஒட்டுப்பாலில் நறுக்கிய ஒரு பட்டையை இறுக்கிச் சுற்றி வைத்திருக்கிறாள். ரப்பர் தோட்டத்தில் முப்பத்தொரு வருடமாகப் பால் வெட்டுகிறவளுக்கு இந்தச் சலுகைகூட இல்லாவிட்டால் எப்படி. இரண்டு தட்டுக்குப் பிறகு ரிமோட்டுக்குப் புத்தி வரும். முதலில் சத்தம் வரும், பின்னால் படம் வரும். சத்தத்தை அவள் முப்பத்தெட்டில் வைப்பாள். முப்பத்தெட்டில் வைத்தால், ருவான்வெல்லைக்குப் பக்கத்திலிருக்கிற அந்த லயத்து வீட்டு வரிசையின் கடைசிக் காம்பராவில் தொட்டிலில் கிடக்கும் பிள்ளைக்குக்கூடக் கதாநாயகியின் மாமியார் பெயர் மனப்பாடமாகிவிடும்.

புருஷன் அழகமுத்து அந்த நேரம் பார்த்துத் துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு சந்திக் கடைக்குக் கிளம்பிவிடுவார். "டீவிக்குள்ள இருக்கிறவங்களே காதப் பொத்திக்கிறாங்க, நான் எம்மாத்திரம்" என்பார். அவரைத் தடுக்க யாரும் முயன்றதில்லை.

ஆகவே வெள்ளையம்மாவுக்குத் துணை ஓர் அடைக்கோழிதான். மூலையில் கூடைக்குள் எப்போதும் ஏதாவது ஒரு கோழி முட்டைமேல் உட்கார்ந்திருக்கும். விளம்பரம் வந்ததும் வெள்ளையம்மா சத்தத்தைப் பத்துக்கு இறக்குவாள். வசனம் இல்லாமல், ஆளாளுக்கு முகத்தை மட்டும் மாற்றி மாற்றிக் காட்டி மேளம் கொட்டுகிற இடங்களில் கூடைப் பக்கம் திரும்பி, நடப்பதை உரக்கச் சொல்வாள். "சின்னவ கதவுக்குப் பின்னாடி நிக்கிறா. கையில கடுதாசி. படிச்சிட்டா போல, மூஞ்சி வெளுத்துப் போச்சு. இந்தா, பெரியவ மாடிப்படி எறங்கி வாரா." கோழி கண்ணை மூடித் திறக்கும். சபரகமுவ மாகாணத்திலேயே சீரியல் கதையை விடாமல் தெரிந்துவைத்திருக்கும் கோழி அது ஒன்றாகத்தான் இருக்கும்.

தொலைக்காட்சிக்குப் பக்கத்தில், பூப்போட்ட துணியால் மூடி, பெட்டிகூடப் பிரிக்காத ஒரு ரைஸ் குக்கர் இருக்கிறது. அது ஆராய்ச்சி கொடுத்த பரிசு. வெள்ளையம்மா விறகடுப்பில்தான் இன்னமும் சோறாக்குகிறாள். கேட்டால், "பரிசுல யாராவது சோறு ஆக்குவாங்களா" என்பாள்.

ஆராய்ச்சி போன வருடம் ஆவணியில் வந்தது. "தொலைக்காட்சி பார்த்தல் தோட்ட மக்களின் சமூக நடத்தையில் ஏற்படுத்தும் தாக்கம்" என்பது அதன் தலைப்பு. தலைப்பை யோசித்தவர் ஒரு பேராசிரியர். அவர் தோட்டத்துக்கு வரவில்லை. தாக்கம் என்னவென்று அவருக்கு முன்பே தெரிந்திருக்க வேண்டும். அவருக்குப் பதிலாக வந்தவள் அவருடைய கெம்பஸ் மாணவி சுகந்தினி. வெள்ளவத்தையில் பிறந்து வளர்ந்த, நல்ல மனதுள்ள, அட்டைப்பூச்சிக்குப் பயந்த பெண். கையிலிருந்த டெப்லெட்டில் ஐம்பத்திரண்டு கேள்விகள் இருந்தன. யாரோ அவற்றை ஆங்கிலத்திலிருந்து சிங்களத்துக்கும், சிங்களத்திலிருந்து தமிழுக்கும் வாளி மாற்றி வாளி ஊற்றிக் கொண்டுவந்திருந்தார்கள். வழியில் நிறையச் சிந்திப் போயிருந்தது.

"கடந்த ஏழு நாட்களில் அயலவருடன் தாங்கள் மேற்கொண்ட நேர்முக ஊடாட்டத்தின் கால அளவு?" என்று சுகந்தினி வாசித்தாள்.

"என்னா புள்ள கேக்கிற?"

சுகந்தினி கொஞ்சம் யோசித்தாள். "பக்கத்து வீட்டு ஆக்களோட எவ்வளவு நேரம் கதைப்பீங்க அம்மா?"

"பேசறதே இல்லீங்க."

சுகந்தினியின் முகம் மலர்ந்தது. "டீவி பார்க்கிறதாலயா?"

"கான் தண்ணியாலங்க. அவ வாசல்ல கழுவி ஊத்துறது கானுல போவாம எங்க பக்கமா வருது."

டெப்லெட்டில் சாக்கடைக் கானுக்குக் கட்டம் இல்லை. தொலைக்காட்சிக்கு இருந்தது, கைத்தொலைபேசிக்கு இருந்தது, மதுவுக்கு இருந்தது. "பிற" என்றும் ஒன்று இருந்தது. ஆனால் அதைத் தொட்டால் இன்னும் ஆறு கேள்விகள் கீழே தொங்கும். வெளியே காத்திருந்த திரீவீலர்காரர் இரண்டாம் முறையாக ஹோர்ன் அடித்தார். சுகந்தினி தொலைக்காட்சியைத் தொட்டாள்.

அன்றைக்கு அவள் ஏழரை மணிச் சீரியலையும் கூடவே உட்கார்ந்து பார்த்திருந்தாள். அதற்கு "அவதானிப்பு" என்று பெயராம். ஏன் இவ்வளவு சத்தம் என்று கேட்டதற்கு வெள்ளையம்மா, "காது கொஞ்சம் மந்தம் புள்ள" என்று சொன்னாள். லயத்துக்குப் பின்னால் வாழைமரத்தடியில் அழகமுத்து போத்தல் மூடியைத் திருகுவது, கதவைச் சாத்திக்கொண்டு அடுப்படியில் இருக்கும்போதும் கேட்கிற காது அது. சுகந்தினி இப்படி எழுதிக்கொண்டாள்: சத்தம் மிக அதிகம், அயலவர்மீது அக்கறையின்மை. கோழியுடன் பேசுகிறார், தனிமையின் அறிகுறி. தொலைக்காட்சி வந்த பிறகு மனைவியின் அன்பு குறைந்திருக்கிறதா என்று அழகமுத்துவிடம் கேட்டாள். "இருந்தா தானே கொறைய" என்றார் அவர். அதற்கும் கட்டம் இல்லை.

வெள்ளையம்மா பொய் சொன்னாள் என்று சொல்ல முடியாது. கான் தண்ணீர் வரத்தான் செய்கிறது. ஆனால் பக்கத்துக் காம்பரா ரோசலினோடு மூன்று வருடமாகப் பேச்சு நின்றதற்குக் காரணம் அதுவல்ல. காரணத்தைச் சொல்ல வெள்ளையம்மாவுக்கு வெட்கம். பேராசிரியருக்கு மட்டும் அது தெரிந்திருந்தால் மனிதர் அட்டைக்கடியையும் பொறுத்துக்கொண்டு ஓடி வந்திருப்பார்.

இருவரும் பக்கத்துப் பக்கத்து மலையில் பால் வெட்டியவர்கள். ஒரே வாளியில் தண்ணீர் குடித்தவர்கள். ஒருத்தி கோயிலுக்குப் போனால் மற்றவள் அவள் வீட்டு அடுப்பைப் பார்த்துக்கொள்வாள், ஒருத்தி மாதா கோவிலுக்குப் போனால் மற்றவள் கோழியை அடைத்துவிடுவாள். ஏழரைச் சீரியலையும் ஒன்றாக உட்கார்ந்துதான் பார்த்தார்கள். அந்தச் சீரியலில் இரண்டு மருமகள்கள். வெள்ளையம்மா பெரியவள் பக்கம், ரோசலின் சின்னவள் பக்கம். ஒரு நாள் பால் நிறுக்கும் இடத்தில், பெரியவள் நகையை எடுத்தது சரியா தப்பா என்று பேச்சு வந்தது. "ஒங்க பெரியவளுக்கு ஒங்கள மாதிரியே கல்லு நெஞ்சுக்கா" என்றாள் ரோசலின். "ஒஞ் சின்னவளுக்கும் ஒன்ன மாதிரியே கண்ணீருக்குக் கொறச்சல் இல்ல" என்றாள் வெள்ளையம்மா. நான்காவது வார்த்தையில் சீரியலை இருவரும் மறந்துபோனார்கள். பத்தாவது வார்த்தையில் இரண்டு வீட்டுச் செத்தவர்களும் எழுந்து வந்தார்கள். அதோடு முடிந்தது. அந்தப் பெரிய மருமகள் பிறகு செத்து, வேறு முகத்தோடு திரும்பி வந்து, சின்னவளைக் கட்டிப்பிடித்து அழுதும் ஆகிவிட்டது. லயத்தில் மட்டும் சமாதானம் வரவில்லை.

பேச்சு இல்லையே தவிர, சாடை உண்டு. ஊற்றுநீர் கொட்டும் பீலியில் தண்ணீர் பிடிக்கும்போது ரோசலின் தன் வாளியைப் பார்த்து ஏதாவது சொல்வாள். அதற்கு வெள்ளையம்மா தன் குடத்தைப் பார்த்துப் பதில் சொல்வாள். சம்பந்தப்பட்ட ஆளை ஏறிட்டுப் பார்க்கக் கூடாது, பெயரைச் சொல்லக் கூடாது. சாடையில் ஏசலாம், சபிக்கலாம், பழைய கதையைக் கிளறலாம். மன்னிப்புக் கேட்கவோ காரணம் சொல்லவோ அதில் வழக்கமில்லை. யாரும் செய்து பார்த்ததும் இல்லை.

இப்படி இருக்கும்போதுதான் போன வருடம் சித்திரையில், ஆராய்ச்சிக்கு முன்பே, அந்த இடிமழை வந்தது. அந்தப் பக்கத்தில் சித்திரையில் பின்னேரமானால் இடி தவறாமல் வரும். வானம் கறுத்ததும் எல்லோரும் ஓடிப்போய் டிஷ் வயரைக் கழற்றிப் போடுவார்கள். வெள்ளையம்மாவும் கழற்றினாள். ரோசலின் நவநாள் பூசைக்கு மாதா கோவிலுக்குப் போயிருந்தாள். அவள் காம்பராவில் வயர் மாட்டியபடியே இருப்பது வெள்ளையம்மாவுக்குத் தெரியும். சாவி வாசல் ரோசாச்செடித் தொட்டிக்கு அடியில் இருப்பதும் தெரியும். ஒரு நிமிடம் எழுந்து நின்றாள். பிறகு உட்கார்ந்துவிட்டாள். இடி விழுந்தது. ரோசலினின் டீவியிலிருந்து நடுச்சுவருக்கு மேலாகப் புகை வந்தது. இன்றுவரை வெள்ளையம்மா அழகமுத்துவிடம்கூட இதைச் சொன்னதில்லை. அவளை உறுத்துவது இது ஒன்றுதான்.

லயத்து நடுச்சுவர் கூரைவரைக்கும் போகாது. ஆள் உயரத்துக்கு மேலே ஒரு முழம் வெளி. கட்டிய வெள்ளைக்காரத் துரை கல்லை மிச்சம் பிடித்திருக்கிறார். அதன் பயனை இன்றைக்கு ரோசலின் அனுபவிக்கிறாள். டீவி எரிந்த மறுநாள் ஏழரைக்கு வெள்ளையம்மா சத்தத்தை முப்பத்தெட்டுக்கு ஏற்றினாள். சற்று நேரத்தில் அந்தப் பக்கத்தில் முக்காலி சீமெந்துத் தரையில் இழுபட்டு நடுச்சுவரண்டை வந்து நின்றது. அதற்கு மறுநாளிலிருந்து வெள்ளையம்மா கோழிக்குக் கதை சொல்லத் தொடங்கினாள். கொழும்பிலிருக்கும் ரோசலினின் மகன் "அடுத்த மாசம் புது டீவி" என்று மாதாமாதம் சொல்லிக்கொண்டிருந்தான்.

இதையெல்லாம் அறியாத ஆராய்ச்சி, இரண்டாம் கட்டமாக விரதத்தைக் கொண்டுவந்தது. தேர்ந்தெடுத்த இருபது வீடுகளில் பதினான்கு நாள் தொலைக்காட்சி பார்க்கக் கூடாது. அந்த நாட்களில் மனிதர்கள் மனிதர்களோடு எப்படிப் பழகுகிறார்கள் என்று அளக்க வேண்டும். கழற்றிய பிளக்கையும் சுவரையும் சேர்த்து ஒரு காகித முத்திரை ஒட்டப்படும். அது கிழியாமல் இருந்தால் ரைஸ் குக்கர். சுகந்தினி டெப்லெட்டில் படம் காட்டினாள். சிவப்பு நிறம், கண்ணாடி மூடி.

"பதினாலு நாள் தானே புள்ள. எங்கம்மா காலத்துல டீவியா இருந்திச்சு" என்றாள் வெள்ளையம்மா. கண் படத்தைவிட்டு அகலவில்லை. ரோசலினின் ஞாபகமே அவளுக்கு வரவில்லை.

ஞாபகம் வந்தது அன்று மாலை ஏழு இருபத்தெட்டுக்கு. கை வழக்கம்போல ரிமோட்டைத் தேடிய அதே நேரத்தில் அந்தப் பக்கத்தில் முக்காலி இழுபட்டது. வந்து நின்றது. காத்திருந்தது. வெள்ளையம்மா இருமினாள். பாத்திரத்தை உருட்டினாள். ஏழே முக்காலுக்கு முக்காலி திரும்ப இழுபட்டுப் போனது.

இரண்டாம் நாளும் அப்படியே. அன்றைக்கு அது ஐந்து நிமிடம்தான் காத்திருந்தது.

மூன்றாம் நாள் முக்காலி வரவேயில்லை. வெள்ளையம்மா எட்டுமணிவரை சுவரைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். கோழிக்குத் தீனி போடவும் மறந்துபோனாள். அழகமுத்துவோ, வீட்டில் சத்தமில்லை என்று கேள்விப்பட்டுக் கடையிலிருந்து சீக்கிரமே வந்து, "சொர்க்கம்" என்று பாயை விரித்தார். அவர்மீது அவளுக்கு வந்த எரிச்சலை எந்தக் கட்டத்திலும் அடைக்க முடியாது.

நான்காம் நாள் பின்னேரம் பீலியில் இருவரும் எதிர்ப்பட்டார்கள். ரோசலின் வாளியை வைத்தாள். வாளியைப் பார்த்தே ஆரம்பித்தாள்.

"இருக்கிறவங்க இருக்கிறத மூடி வச்சுக்கிறாங்க. காதால கேட்டா என்னா தேஞ்சா போயிரும். நம்ம வீட்டுல பொகை வந்தப்ப சந்தோசப்பட்டவங்க தானே."

கெம்பஸ் பிள்ளை வந்தது, முத்திரை, ரைஸ் குக்கர் என்று எல்லாம் வெள்ளையம்மாவுக்கு நாக்குவரை வந்தது. ஆனால் குடத்தைப் பார்த்து அதையெல்லாம் எப்படிச் சொல்வது. வாயிலிருந்து வந்தது வேறு.

"யாரும் யாரு டீவியையும் எரிக்கல. வானத்துல இடிச்சா நான் என்னா செய்ய."

"சாவி இருக்கிற எடம் தெரிஞ்சவங்க வீட்டுலதான் இருந்தாங்க" என்றாள் ரோசலின், வாளியிடம். குரல் உடைந்துபோயிருந்தது. பிறகு வாளியிடம் இன்னும் கொஞ்சம் பழைய கதை, வெள்ளையம்மாவின் குடத்திடம் இன்னும் கொஞ்சம் பழைய கதை. வாளியும் குடமும் நிரம்பி வழிந்துகொண்டிருந்தன.

அந்நேரம் முத்திரையைப் பரிசோதிக்க வந்த சுகந்தினி மேல்வீதியில் நின்றிருந்தாள். பீலிச் சத்தத்தில் வார்த்தைகள் மேலே எட்டவில்லை. இரண்டு பெண்கள் அருகருகே நின்று, ஒருத்தி முடித்ததும் மற்றவள் தொடங்கி, ஒழுங்காக முறைவைத்துப் பேசுவது தெரிந்தது. அவளுக்குக் கண் கலங்கியதாகக் கேள்வி. நேரத்தைக் குறித்துக்கொண்டாள்: நேர்முக ஊடாட்டம், பதினொரு நிமிடம். முன்பு பூஜ்யம். அந்தப் பதினொரு நிமிடம் இப்போது ஓர் அறிக்கையில் நீல நிறத் தூணாக உயர்ந்து நிற்கிறது. தொலைக்காட்சியை நிறுத்தினால் அயலவர் உறவு மலரும் என்பதற்கு அதைவிட நல்ல ஆதாரம் கிடைக்கவில்லையாம்.

அன்று மாலை ஏழேகாலுக்கு வெள்ளையம்மா வெட்டுக்கத்தியை எடுத்துச் சாணையில் நான்கு இழுப்பு இழுத்தாள்.

பால் வெட்டுவதில் கெட்டித்தனம் எதில் என்றால், பட்டையைக் காகிதக் கனத்துக்குச் சீவ வேண்டும், உள்ளே மரம் காயப்படக் கூடாது. முப்பத்தொரு வருடமாக, வெட்டை மேற்பார்க்கும் கண்டக்டரிடம் ஏச்சு வாங்காத கை அது. கத்தி முனையை முத்திரையின் ஓரத்தில் வைத்து, மூச்சைப் பிடித்துக்கொண்டு, சுவர்ப் பக்கமிருந்து மெல்ல மெல்லத் தூக்கினாள். காகிதம் முழுசாகக் கையோடு வந்தது. காலையில் மருந்துப் போத்தலில் பிடித்துவந்த ரப்பர் பால் அடுப்படியில் தயாராக இருந்தது. சீரியல் முடிந்ததும் அதைத் தொட்டு முத்திரையைத் திரும்ப ஒட்டிவிட்டாள். மிச்சப் பத்து நாளும் அவளுக்கு இதே வேலைதான். பதினான்காம் நாள் சுகந்தினி வந்து, முத்திரையை விரலால் தடவிப் பார்த்து, "இந்தத் தோட்டத்திலேயே உங்கடதான் அம்மா ஒரு கீறல்கூட இல்லாம இருக்கு" என்று மெச்சிக்கொண்டு போனாள். அது உண்மைதான்.

ஆனால் அந்த நான்காம் நாள் மாலை, முத்திரை கையோடு வந்த பிறகு, குக்கரைப் பற்றி அவள் நினைக்கவில்லை. பிளக்கைச் செருகினாள். ரிமோட்டைத் தொடையில் இரண்டு தட்டுத் தட்டினாள். சத்தம் முப்பத்தெட்டு. சின்னவளும் பெரியவளும் ஏதோ கலியாண வீட்டில் ஓடியாடிக்கொண்டிருந்தார்கள். வெள்ளையம்மாவின் காது அவர்களிடம் இல்லை.

முக்காலி வரவில்லை.

கோழியின் பக்கம் திரும்பினாள். "நான் வேணும்னு நிப்பாட்டலடி. கெம்பஸ் புள்ளங்க வந்து கடுதாசி ஒட்டிட்டுப் போச்சுங்க. மூணு நாளா நானும்தான் பாக்கல" என்றாள். இதுவரை யாரும் சாடையில் சொல்லாதது அது. கோழி கழுத்தை நீட்டி அவளைப் பார்த்தது. சுவருக்கு அந்தப் பக்கத்தில் அசைவில்லை. "சாவி எடம் தெரிஞ்சுதான் இருந்திச்சு. எந்திரிச்சேன். போகல. தப்புத்தான்" என்று கோழியிடமே சொன்னாள். சத்தம் முப்பத்தெட்டில் இருந்ததால் அது சுவரைத் தாண்டியதா என்று அவளுக்குத் தெரியவில்லை.

விளம்பரம் வந்தது. அவள் சத்தத்தைப் பத்துக்கு இறக்கினாள். எழுந்து நடுச்சுவரண்டை போனாள். ஒட்டுப்பால் சுற்றிய ரிமோட்டால் சுவரில் இரண்டு தட்டுத் தட்டினாள்.

பற்பசை விளம்பரம் முடிந்தது. சவர்க்கார விளம்பரமும் பாதி முடிந்தது. அப்புறம் அந்தப் பக்கத்தில் சீமெந்துத் தரையில் ஏதோ இழுபடுகிற சத்தம் கேட்டது. மெதுவாக வந்து, சுவரோடு மோதி நின்றது.

வெள்ளையம்மா திரும்பிப் போய்க் கோழிக் கூடைக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, சத்தத்தை நாற்பதில் வைத்தாள்.